சிவப்பு அங்கியில் நடிகர்: பிரெஞ்சுத் தொலைக்காட்சியின் நீதிமன்ற நாடகங்கள்

பிரான்ஸில் 1954ஆம் ஆண்டு டிசம்பர் 6ஆம் நாள் பிறப்பிக்கப்பட்ட ஒரு சட்டம், நீதிமன்ற விசாரணை தொடங்கிய கணம் முதல் உள்ளே நடப்பதைப் படமாகவோ ஒலியாகவோ பதிவு செய்யும் எந்தக் கருவியையும் பயன்படுத்தக் கூடாது என்று விதித்தது. பத்திரிகைச் சுதந்திரத்துக்காக 1881இல் இயற்றப்பட்ட பழைய சட்டத்துக்குள் புதிய பிரிவாகச் செருகப்பட்ட இந்தத் தடை, புகைப்படக்காரர்களின் தொல்லையை ஒழிப்பதற்காகக் கொண்டுவரப்பட்டதே அன்றி, அப்போது மிகச் சில வீடுகளை மட்டுமே எட்டியிருந்த தொலைக்காட்சியைப் பெரிதாக மனத்தில் கொண்டு எழுதப்பட்டதன்று. ஆயினும் அதன் விளைவைப் பெருமளவில் அனுபவித்தது தொலைக்காட்சிதான். அடுத்து வந்த ஏறத்தாழ எழுபது ஆண்டுக் காலம், நீதிமன்றப் படியேறாத ஒரு சராசரி பிரெஞ்சுக் குடிமகன் தன் நாட்டு நீதிமன்றம் எப்படி இருக்கும், நீதிபதி எப்படிப் பேசுவார், குற்றம் சாட்டப்பட்டவர் எங்கே நிற்பார் என்பதையெல்லாம் பெரும்பாலும் நடிகர்களைப் பார்த்தே அறிந்துகொண்டார்.

தடை வந்த சூழலை ஓரளவு விளக்க வேண்டும். 1952 ஆகஸ்டில் தென்கிழக்கு பிரான்ஸின் லூர்ஸ் என்ற ஊருக்கு அருகே, சாலையோரத்தில் இரவு தங்கியிருந்த ஓர் ஆங்கிலேயத் தம்பதியும் அவர்களுடைய சிறு மகளும் கொல்லப்பட்டனர். அக்கம்பக்கத்துப் பண்ணையின் முதியவரான காஸ்தோன் தொமினிசி மீது தொடுக்கப்பட்ட வழக்கு 1954 நவம்பரில் தீஞ் நகரில் விசாரணைக்கு வந்தபோது, உலகெங்கிலுமிருந்து செய்தியாளர்கள் அந்தச் சிற்றூரில் குவிந்தனர். புகழ்பெற்ற நாவலாசிரியர் ழான் ஜியோனோவும் மன்றத்தில் அமர்ந்து குறிப்பெடுத்தார். கணவர் உட்படப் பல உறவினர்களை நஞ்சிட்டுக் கொன்றதாகக் குற்றம் சாட்டப்பட்ட மரி பெனார் என்ற பெண்மணியின் வழக்கும் அதே ஆண்டுகளில் நடந்தது; அவர் இறுதியாக விடுதலையானது 1961இல்தான். சாட்சி சொல்பவரின் முகத்துக்கு நேரே பளிச்சிடும் விளக்குகளும் கருவிகளின் சத்தமும் விசாரணையின் கண்ணியத்தைக் குலைக்கின்றன என்று நீதித்துறையினர் நெடுநாளாகவே முறையிட்டு வந்தனர். தொமினிசிக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது நவம்பர் 28ஆம் நாள். அதன் பிறகு எட்டே நாட்களில் சட்டம் வந்துவிட்டது. (தண்டனை பின்னர் குறைக்கப்பட்டு, 1960இல் அதிபர் த கோல் அவரை விடுவித்தார்.)

இந்த நாடகங்களில் நடிகர் என்ன செய்தார் என்பதைப் புரிந்துகொள்ள, பிரெஞ்சு நீதிமன்றத்தின் அமைப்பை முதலில் அறிந்தாக வேண்டும். கொலை போன்ற கொடுங்குற்றங்களை ஜூரிகளின் துணையோடு விசாரிக்கும் மன்றம் ‘அசீஸ்’ மன்றம் எனப்படும். அதன் நடுவில் ‘தலைவர்’ என்றழைக்கப்படும் முதன்மை நீதிபதி சிவப்பு அங்கியில் அமர்வார். இரு துணை நீதிபதிகள் அவருக்கு இருபுறமும், குடிமக்களிலிருந்து தேர்ந்தெடுக்கப்பட்ட ஜூரிகள் அவர்களுக்கு அப்பாலும் ஒரே வரிசையில் இருப்பர். அரசுத் தரப்பில் குற்றத்தை வலியுறுத்துபவரும் அங்கே ஒரு நீதித்துறை அதிகாரியே. ஆதலால் அவரும் சிவப்பு அங்கியணிந்து, நீதிபதிகளின் மேடை மட்டத்திலேயே அமர்கிறார். எதிர்த்தரப்பு வழக்கறிஞரோ கறுப்பு அங்கியோடு கீழே தரையில் நிற்கிறார். இந்த உயர வேறுபாட்டைப் பிரெஞ்சு வழக்கறிஞர்கள் ‘தச்சர் செய்த பிழை’ என்று தலைமுறை தலைமுறையாகக் கேலி செய்து வருகின்றனர். நீதிபதி தட்டுவதற்கு மரச் சுத்தியல் கிடையாது. ‘மன்றம் வருகிறது’ என்ற ஊழியரின் ஒற்றை அறிவிப்பில் அனைவரும் எழுந்து நிற்கின்றனர். குற்றம் சாட்டப்பட்டவர் காவலர்களுக்கிடையே கூண்டில் இருப்பார். அவர் உண்மை கூறுவதாக உறுதிமொழி எடுப்பதில்லை. வழக்கின் இறுதியில் கடைசிச் சொல் அவருக்கே உரியது.

இவையனைத்தினும் நாடகத்தைத் தீர்மானித்த விதி ஒன்றுண்டு. ஆங்கிலேய, அமெரிக்க மரபில் இரு தரப்பு வழக்கறிஞர்களும் சாட்சிகளை மாறி மாறிக் கேள்விகளால் துளைக்க, நீதிபதி நடுவராக இருந்து வேடிக்கை பார்க்கிறார். பிரெஞ்சு மரபில் முன்கூட்டியே நடந்த புலனாய்வின் கோப்பு முழுவதையும் படித்துவிட்டு வரும் மன்றத் தலைவரே குற்றம் சாட்டப்பட்டவரை விசாரிக்கிறார். அவருடைய பிள்ளைப் பருவம் முதல் கொலை நிகழ்ந்த இரவு வரை அவரே கேட்டுக் கேட்டு வாங்குகிறார். உண்மையை வெளிக்கொணரத் தேவையென்று தோன்றும் எதையும் செய்துகொள்ளும் தனியதிகாரமும் சட்டப்படி அவருக்கு உண்டு. 2000ஆம் ஆண்டின் சீர்திருத்தச் சட்டம் நடைமுறைக்கு வரும்வரை எதிர்த்தரப்பு வழக்கறிஞர் ஒரு சாட்சியை நேரடியாகக் கேள்வி கேட்கவும் இயலாது. தம் கேள்வியைத் தலைவரிடம் சொல்ல, அவர் அதைச் சாட்சியிடம் கேட்பார். சாட்சியும் குறுக்கீடின்றித் தாம் அறிந்ததை நின்றபடியே சொல்லி முடித்த பிறகுதான் கேள்விகள் தொடங்கும். ஆகவே பிரெஞ்சு நீதிமன்ற நாடகத்தின் மையப் பாத்திரம், வெற்றிக்காகப் போராடும் இளம் வழக்கறிஞராக இருக்க வழியில்லை. நாற்காலியை விட்டு எழாமல், குரலாலும் பார்வையாலும் மட்டுமே காட்சியை நடத்திச் செல்லும் முதிய நீதிபதியாகவே அது அமைந்தது. இந்த இலக்கணத்துக்குப் பொருந்திய நடிகர்கள் பெரும்பாலும் நாடக மேடையில் குரல் பழகியவர்கள், முன்னொரு காலத்தில் கதாநாயகர்களாக இருந்து ஓய்ந்தவர்கள், பார்வையாளர்களுக்கு முகம் தெரிந்தும் பெயர் நினைவுக்கு வராதவர்கள்.

தொழில்முறை நடிகர்களுக்கு முன்பே நீதிமன்றத்தைத் திரைக்குக் கொண்டுவந்த ஒருவரை இங்கே தவிர்க்க இயலாது. ஃபிரெதெரிக் பொத்தெஷேர் அரசு வானொலிக்கும் தொலைக்காட்சிக்கும் வழக்குச் செய்திகளைத் தந்த செய்தியாளர். வோழ் மலைப்பகுதியிலுள்ள புய்ஸாங் என்ற ஊரில் 1905இல் பிறந்த இவர், அதே ஊரில் 1895இல் ‘மக்கள் அரங்கம்’ என்ற புகழ்பெற்ற நாடகக் களத்தை நிறுவிய மொரிஸ் பொத்தெஷேரின் உறவினர். நாடகத்தின் வாடையிலேயே வளர்ந்தவர். கேமரா உள்ளே போக முடியாத நிலையில், அன்றைய விசாரணையை மனத்தில் வாங்கிக்கொண்டு வந்து, மாலைச் செய்தியில் தலைவரின் கண்டிப்பையும், வழக்கறிஞரின் ஏற்ற இறக்கத்தையும், குற்றம் சாட்டப்பட்டவரின் நாட்டுப்புறப் பேச்சையும் தாமே குரல் மாற்றிப் பேசிக் காட்டினார். தொமினிசி வழக்கையும் பெனார் வழக்கையும் பிரெஞ்சு மக்கள் இவருடைய வாயிலாகவே ‘கேட்டனர்’ என்று சொல்வது மிகையாகாது. செய்தியாளர் எங்கே முடிகிறார், நடிகர் எங்கே தொடங்குகிறார் என்பதை இவர் விஷயத்தில் பிரித்துக் காட்டுவது கடினம். அன்றைய நேயர்களும் அதைப் பிரித்துப் பார்க்க விரும்பியதாகத் தெரியவில்லை.

முழு நீளத் தொடராக வந்த முதல் முக்கிய முயற்சி, 1950களின் நடுவில் தொடங்கி 1960களின் இறுதி வரை நீடித்த ‘ஆன் வோத்ர் ஆம் எ கோன்சியான்ஸ்’ ஆகும். உங்கள் ஆன்மாவும் மனச்சாட்சியும் சொல்லும்படி என்ற அந்தத் தலைப்பு, ஜூரிகளை நோக்கிப் பேசும் மரபிலிருந்து எடுக்கப்பட்டது. இதை உருவாக்கியவர்களில் பியேர் துமாயேயும் பியேர் தெக்ரோப்பும் அடிப்படையில் செய்தியாளர்கள். எழுத்தாளர்களைப் பேட்டி கண்டு நடத்திய புத்தக நிகழ்ச்சியால் ஏற்கெனவே பெயர் பெற்றவர்கள். இயக்குநர் குளோது பார்மாவோ நாடகக் காட்சிகளில் கைதேர்ந்தவர். பிற்காலத்தில் ‘பெல்ஃபெகோர்’ என்ற மர்மத் தொடரால் நாட்டையே கட்டிப்போட்டவர். கடந்த நூற்றாண்டுகளில் உண்மையாகவே நடந்த குற்ற வழக்குகளை எடுத்து, அவற்றின் விசாரணையைச் சிறு சிறு காட்சிகளாக மீட்டுருவாக்கி, நேயரை ஜூரியின் இடத்தில் அமர்த்தித் தீர்ப்புச் சொல்லத் தூண்டுவதே இத்தொடரின் உத்தி. வழக்கு பழையது என்பது வெறும் சுவைக்காகச் செய்யப்பட்ட தேர்வன்று. உயிரோடிருப்பவரின் வழக்கைத் திரையில் கிண்டினால் அவதூறு வழக்கு வரும். புதைந்துபோன வழக்கு எவரையும் நீதிமன்றத்துக்கு இழுக்காது. அரசின் முழுக் கட்டுப்பாட்டில் இருந்த தொலைக்காட்சி, நடப்பு நீதியைப் பற்றி வாய் திறக்காமலேயே நீதியைப் பற்றிப் பேசுவதற்குக் கண்டுபிடித்த வழியாகவும் இதைக் கொள்ளலாம்.

அக்காலத்துத் தொலைக்காட்சி நாடகங்கள் பாரிஸின் வடகிழக்கிலுள்ள புய்ட்-ஷோமோன் படப்பிடிப்புக் கூடங்களில் பெரும்பாலும் நேரடி ஒளிபரப்பாகவே நிகழ்த்தப்பட்டன. ஒரு நடிகர் வரியை மறந்தால் நாடு முழுவதும் அதைக் காணும். வெட்டி ஒட்ட வழியில்லை. இந்த நெருக்கடியில் நீதிமன்றம் என்ற களம் இயக்குநர்களுக்கு வரமாக வாய்த்தது. ஒரே அறை போதும். யார் எங்கே அமர்வார் என்பதைச் சட்டமே வகுத்துத் தந்துவிட்டது. கேமராக்கள் ஓடித் திரிய வேண்டியதில்லை. ஒருவர் பேசும்போது மற்றவர் காத்திருப்பது அங்கே இயல்பான ஒழுங்கு. மன்றத் தலைவராக நடிப்பவருக்கு முன்னால் கோப்பு விரிந்து கிடப்பதால் வசனத் தாளை அதற்குள் வைத்துக்கொள்ளும் வசதியும் அந்த வேடத்துக்கு மட்டும் உண்டு. இதற்கு நேர்மாறாகச் சாட்சியாக வருபவர், கைகளை வைக்க ஒரு கம்பித் தடுப்பு தவிர வேறெதுவுமின்றி, பல நிமிடங்கள் தனித்து நின்று பேசியாக வேண்டும். சிறு வேடமென்றாலும் நடிகரின் திறம் அங்கேதான் வெளிப்பட்டது. உடையிலும் கவனம் வேண்டியிருந்தது. வழக்கறிஞரின் இடத் தோளிலிருந்து தொங்கும் பட்டையின் முனையில், வெளியூர் வழக்கறிஞர்களுக்கு வெள்ளை மென்மயிர் கட்டப்பட்டிருக்கும். பாரிஸ் வழக்கறிஞர்களுக்கு அது கிடையாது. பாரிஸ் வழக்கில் மயிர் தொங்கினால், கதையில் எவ்வளவு உண்மை இருந்தாலும், சட்டத் தொழிலில் உள்ள நேயர் அந்த நொடியே நம்பிக்கையை இழந்துவிடுவார்.

தொலைக்காட்சிக்கு இணையாகத் திரைப்படமும் இத்துறையில் உழைத்தது. வழக்கறிஞராக இருந்து இயக்குநரான ஆந்த்ரே கயாத், 1950இல் வெளியான ‘ழுய்ஸ்தீஸ் எ ஃபெத்’ படத்தில், ஒரே வழக்கில் ஒவ்வொரு ஜூரியின் சொந்த வாழ்க்கையும் அவருடைய வாக்கை எப்படித் திசைதிருப்புகிறது என்று காட்டி, வெனிஸ் விழாவின் முதன்மை விருதைப் பெற்றார். க்ளூஸோ இயக்கிய ‘லா வெரிதே’ (1960) படத்தில் பிரிஜித் பார்தோ கூண்டில் நிற்க, ஷார்ல் வனேலும் போல் மெரிஸும் எதிரெதிர் வழக்கறிஞர்களாக வாதிட்டனர். இவர்களில் மெரிஸ் ஏற்றது, கொல்லப்பட்டவரின் குடும்பத்துக்காகத் தனியே வாதாடும் வழக்கறிஞரின் வேடம், அதாவது பிரெஞ்சு முறையில் அரசுத் தரப்புக்கு அப்பால் பாதிக்கப்பட்டோருக்குக் கிடைக்கும் தனிக்குரல். அப்படத்தில் மன்றத் தலைவராக வந்தவர் லூயி செஞ்யே, கொமெதி-பிரான்சேஸ் என்ற தேசிய நாடக மன்றத்தின் மூத்த உறுப்பினர். மோலியேர் நாடகங்களில் பழகிய அந்தக் குரலுக்குச் சிவப்பு அங்கி எவ்வளவு எளிதாகப் பொருந்தியது என்பது, பின்னர் வந்த தலைவர் வேடங்களுக்கெல்லாம் அளவுகோல் ஆயிற்று. 1974இல் கயாத்தின் ‘வெர்திக்த்’ படத்தில் ழான் கபேனே தலைவராக நடித்தார். கபேன் போன்ற நட்சத்திரம் எந்த வேடத்தையும் தன் உருவத்துக்கு வளைத்துக்கொள்வாராதலால், அப்படம் நீதிமன்றத்தைக் காட்டிலும் கபேனைப் பற்றியதாகவே எஞ்சியது.

அதே 1970களின் நடுவில் இரண்டாம் அலைவரிசையில் தொடங்கிய ‘மெசியே லெ ழூரே’ (ஜூரிப் பெருமக்களே) இந்த வரலாற்றில் தனித்து நிற்கும் சோதனை. ஆந்த்ரே மிஷேல் முன்னின்று உருவாக்கிய இத்தொடரில் வழக்கு கற்பனை, நீதிபதியும் வழக்கறிஞர்களும் குற்றம் சாட்டப்பட்டவரும் நடிகர்கள். ஆனால் ஜூரிகள் பொதுமக்களிலிருந்து எடுக்கப்பட்ட உண்மையான குடிமக்கள், தீர்ப்பும் முன்கூட்டி எழுதப்படாதது. நடிகரின் நிலையை இது முற்றிலும் மாற்றிவிட்டது. சாதாரண நாடகத்தில் குற்றவாளி வேடம் பூண்டவருக்குத் தம் பாத்திரத்தின் முடிவு தெரியும். இங்கே அவர் எதிரே அமர்ந்திருக்கும் ஒரு கடைக்காரரையோ ஆசிரியையையோ உண்மையாகவே நம்ப வைக்க வேண்டும், நம்ப வைக்கத் தவறினால் தண்டனை பெற வேண்டும். மிகைநடிப்பு உடனே எதிராகத் திரும்பிவிடும். உண்மை மன்றங்களிலும் அப்படித்தான். 1958இன் குற்றவியல் நடைமுறைச் சட்டப்படி மூன்று நீதிபதிகளும் ஒன்பது ஜூரிகளும் ஒன்றாகக் கூடி, இரகசியச் சீட்டில் வாக்களித்தனர். குற்றவாளி என்று முடிவு செய்யப் பன்னிரண்டில் எட்டு வாக்குகள் தேவைப்பட்டன. எண்ணி முடித்ததும் சீட்டுகள் எரிக்கப்படும். அத்தொடர் தொடங்கிய ஆண்டுகளில் உண்மையான ஜூரிகளுக்கு மரண தண்டனை விதிக்கும் அதிகாரம் இருந்தது என்பதையும், பிரான்ஸில் கடைசியாக ஒருவர் தலை வெட்டப்பட்டது 1977 செப்டம்பரில்தான் என்பதையும் நினைத்தால், ஒரு கற்பனை வழக்கின் ஜூரியாக அமர்ந்தவர்களின் முகத்தில் தெரிந்த இறுக்கம் விளையாட்டன்று என்பது விளங்கும். 1981இல் அத்தண்டனை ஒழிக்கப்பட்ட பின்னும் சில ஆண்டுகள் இத்தொடர் ஓடியது. ஆனால் அதற்குள் அதன் கூர்மை மழுங்கிவிட்டது எனலாம்.

1987இல் முதல் அலைவரிசை தனியாருக்கு விற்கப்பட்டதும் நிலைமை வேறு திசையில் திரும்பியது. ஒளிபரப்பு நேரம் பெருகியது. பிரெஞ்சு மொழிப் படைப்புகளுக்கு இத்தனை விழுக்காடு நேரம் ஒதுக்கியே ஆக வேண்டும் என்ற அரசு விதியும் கழுத்தை நெரித்தது. செலவோ குறைய வேண்டும். ஒரே அரங்கு, ஒரே தலைவர், நாள்தோறும் புது வழக்கு என்ற நீதிமன்ற நாடகம் இந்த மூன்று தேவைகளுக்கும் ஒருங்கே விடையளித்தது. அவ்வாறு 1980களின் இறுதியில் பிறந்த ‘திரிபுய்னால்’ தொடரில் கரோன் என்ற தலைவராக வந்தவர் ஈவ் வான்சான். இவருடைய தொழில் வாழ்க்கையைச் சற்று விரிவாகப் பார்ப்பது தகும், ஏனெனில் நீதிமன்ற நாடகம் எந்த வகை நடிகரைத் தேடியது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று கிடைப்பது அரிது.

1921இல் பிறந்த வான்சான், போருக்குப் பிந்தைய திரையில் உயரமும் நிமிர்ந்த தோளும் கொண்ட நாயகராக அறிமுகமானவர். 1951இல் ‘கப்பித்தேன் ஆர்தான்’ படத்தின் தலைப்புப் பாத்திரமே அவருடையது. 1959இல் பார்தோ நடித்த போர்க்கால நகைச்சுவைப் படமான ‘பபெத் போருக்குப் போகிறாள்’ என்பதில் மீண்டும் ஓர் இராணுவ அதிகாரி. புதிய அலை இயக்குநர்கள் தெருவில் நடக்கும் இளைஞர்களைத் தேடத் தொடங்கியபோது இவ்வகை நிமிர்வுக்கு மதிப்புக் குறைந்தது. நகைச்சுவைப் படங்களோ அதற்குப் புதுப்பயன் கண்டன. லூயி த ஃபுய்னேஸ் என்ற பெருநகைச்சுவையாளர் குதித்துக் குமுறும்போது, அசையாமல் நின்று முறைக்கும் ஒரு மேலதிகாரி எதிரில் இருந்தால்தான் சிரிப்பு எழும். ‘லெ ழாந்தார்ம் ச மரி’ (1968) படத்தில் கர்னலாகவும், அடுத்த ஆண்டின் ‘இபெர்னாத்துய்ஸ்’ படத்திலும் வான்சான் அந்த அசையாத சுவராக நின்றார். கேப்டன், கர்னல், பின்பு நீதிபதி என்று அவருடைய வேடங்கள் ஒரு படிநிலையில் ஏறிச் சென்றதைப் பார்க்கும்போது, பிரெஞ்சுத் திரை அவரிடம் கடைசி வரை வாங்கியது ஒரே சரக்கைத்தான், அதிகாரத்தின் தோரணையை, என்று சொல்லத் தோன்றுகிறது. அறுபது வயதைக் கடந்த பின் கிடைத்த கரோன் வேடமே அவரைப் புதிய தலைமுறையின் வீடுகளுக்குள் நாள்தோறும் கொண்டு சேர்த்தது. ஒரு வழக்கு அரை மணி நேரத்துக்குள் முடியும். சாட்சிகளாகவும் குற்றம் சாட்டப்பட்டவர்களாகவும் வரும் இளம் நடிகர்கள் மாறிக்கொண்டே இருப்பர். அவர்களில் சிலருடைய பதற்றத்தையும் பயிற்சிக் குறையையும் தாங்கிப் பிடிக்கும் தூணாக நடுவில் இவர் ஒருவரே மாறாதிருந்தார். விமர்சகர்கள் இத்தகைய தொடர்களைப் பொருட்படுத்தியதில்லை. ஆனால் கோப்பைப் புரட்டும் அளவான வேகத்திலும், ஒரு கேள்விக்குப் பின் பதிலுக்காக விடும் மௌனத்திலும் அரை நூற்றாண்டு மேடைப் பழக்கம் தெரிந்தது. அவர் 2016 ஜனவரியில் தமது 94ஆம் வயதில் காலமானார்.

இதே வார்ப்பில் 1991இல் ‘லா சேங்க்’ அலைவரிசை வெளியிட்ட ‘கா த திவோர்ஸ்’ மணமுறிவு வழக்குகளை நாடகமாக்கியது. மணமுறிவு விசாரணை பிரான்ஸில் மூடிய கதவுகளுக்குப் பின்னே நடப்பது. பார்வையாளர் வரிசை நிறைந்த மன்றத்தில் கணவனும் மனைவியும் ஒருவரையொருவர் தூற்றும் அக்காட்சி நடைமுறையில் எங்குமே இல்லாதது. அடுத்த ஆண்டு அந்த அலைவரிசையே மூடப்பட்டது.

மலிவான தொடர்கள் ஒருபுறமிருக்க, உண்மை வழக்குகளை இரண்டு மூன்று மணி நேரத் தொலைக்காட்சிப் படங்களாக எடுக்கும் மரபும் வலுப்பெற்றது. 1924இல் தண்டிக்கப்பட்டுத் தென்னமெரிக்கத் தீவுச் சிறைக்கு அனுப்பப்பட்ட பிரெத்தாஞ் மரவணிகர் செஸ்னெக்கின் வாழ்வை ஈவ் புவாசே 1990களின் தொடக்கத்தில் படமாக்கியபோது கிறிஸ்தோஃப் மலவுவா அவ்வேடத்தில் நடித்து, நிரபராதியான மனிதர் என்ற எண்ணத்தைப் பலருடைய மனத்தில் ஊன்றினார். உச்ச நீதிமன்றமோ 2006இல் மறுவிசாரணைக் கோரிக்கையை நிராகரித்தது. நடிகரின் முகம் தீர்ப்பைவிட வலுவான வாதமாக மாறும் ஆபத்து இங்கே வெளிப்படுகிறது. அதே 2006இல், மேடைச் சிரிப்புக்காகவே அறியப்பட்ட முய்ரியேல் ரோபேன் மரி பெனாராக நடித்து, அடுத்த ஆண்டு பன்னாட்டு எம்மி விருதைப் பெற்றார். அவர் அழவுமில்லை, மன்றாடவுமில்லை. கிராமத்துப் பெண்ணின் பிடிவாதத்தோடு நின்றதனால், அவள் குற்றவாளியா இல்லையா என்ற ஐயம் படம் முடிந்த பின்னும் கலையவில்லை.

1990களிலிருந்து நாயகப் பதவி மன்றத் தலைவரிடமிருந்து நழுவி, விசாரணை நீதிபதியிடம் சென்றது. காவல்துறையின் புலனாய்வை மேற்பார்வையிட்டு, சந்தேகிக்கப்படுவோரைத் தம் அறைக்கு வரவழைத்து விசாரித்துக் கோப்பை உருவாக்குபவர் இவர். மன்றத்தில் அமர்ந்து தீர்ப்பு வழங்குபவரல்லர். அரசியல்வாதிகளின் ஊழலை விசாரித்த நீதிபதிகள் அப்போது நாள்தோறும் செய்தியில் அடிபட்டதால் தொலைக்காட்சியும் அவர்களைப் பின்தொடர்ந்தது. இவற்றுள் தரத்தில் உயர்ந்தது, வழக்கறிஞராகப் பணியாற்றிய அலெக்சாந்த்ரா கிளேர் உருவாக்கி 2005 முதல் 2020 வரை வந்த ‘ஆங்க்ரனாழ்’. அதில் ரொபான் என்ற விசாரணை நீதிபதியாக ஃபிலிப் துய்க்லோ முதல் ஏழு பருவங்களில் நடித்தார். தாழ்ந்த குரல், தளர்ந்த கோட்டு, பூனையைப் போன்ற பொறுமை. காகிதக் குவியலுக்குப் பின்னிருந்து அவர் ஒரு கேள்வியை மெல்ல நகர்த்தும்போது எதிரிலிருப்பவர் தாமாகவே பொறிக்குள் நடந்து வருவார். நீதிமன்ற மேடையிலிருந்து அலுவலக அறைக்கு இடம் மாறினாலும், அமர்ந்த நிலையில் கேள்வியால் ஆட்சி செய்யும் பழைய இலக்கணம் மாறவில்லை. இதற்கிடையே மொழிமாற்றம் செய்யப்பட்ட அமெரிக்கத் தொடர்கள் பிரெஞ்சு வீடுகளை நிறைத்திருந்தன. ‘தலைவர் அவர்களே’ என்று விளிக்க வேண்டிய இடத்தில் அமெரிக்கத் தொடர்களில் கேட்ட விளியை மக்கள் உண்மை நீதிமன்றங்களிலேயே பயன்படுத்துகின்றனர் என்று நீதிபதிகள் சலித்துக்கொண்டதுண்டு. தொலைக்காட்சியில் சட்டம் சித்திரிக்கப்படுவதை ஆராய்ந்த பார்பரா விலேஸும், பிரெஞ்சு நேயருக்குச் சொந்த நாட்டு நடைமுறையைவிட அமெரிக்க நடைமுறையே பழக்கமாகிவிட்ட நிலையை எடுத்துக்காட்டியுள்ளார்.

தடையில் ஓட்டைகள் விழாமலும் இல்லை. 1985இல் நீதியமைச்சர் பதேந்தேர் கொண்டுவந்த சட்டம் வரலாற்று ஆவணத்துக்காக மட்டும் படம்பிடிக்க இடமளித்தது. நாஜி அதிகாரி கிளவுஸ் பார்பீயின் வழக்கு 1987இல் லியோனில் அவ்வாறு பதிவாயிற்று. ரெமோன் தெபார்தோன் சிறப்பு அனுமதி பெற்றுப் பாரிஸின் பத்தாவது குற்றவியல் அமர்வில் எடுத்து 2004இல் வெளியிட்ட ஆவணப்படம், உண்மை நீதிபதி ஒருவர் எவ்வளவு விரைவாகவும், சில வேளை எவ்வளவு சிடுசிடுப்பாகவும் பேசுகிறார் என்பதை வெளிச்சமாக்கியது. அதைப் பார்த்த பின் பழைய தலைவர் வேடங்களின் நிதானம் சற்றே செயற்கையாகத் தோன்றியதில் வியப்பில்லை. 2015இல் ‘லெர்மீன்’ படத்தில், காய்ச்சலோடு மன்றத்துக்கு வரும் கடுகடுத்த அசீஸ் தலைவராக ஃபாப்ரீஸ் லுக்கினி நடித்து வெனிஸில் சிறந்த நடிகர் விருது பெற்றபோது, அவ்வேடத்தின் புதிய வார்ப்பு நிலைபெற்றது: மூக்கைச் சிந்துபவர், சக ஊழியர்களால் வெறுக்கப்படுபவர், ஆயினும் அங்கியணிந்ததும் வேலையில் துல்லியமானவர்.

நடப்பு வழக்கைத் தொடும் துணிவுக்கு விலையும் கொடுக்க நேர்ந்தது. 2014இல் ‘ஆர்த்தே’ அலைவரிசை, ஃபிலிப் தொரெத்தோன் நடித்த ஒரு படத்தையும் அதன் தொடர்ச்சியாக இணையத்தில் மக்களே வாக்களிக்கும் ஒரு கற்பனை விசாரணையையும் வெளியிட்டது. மேல்முறையீட்டில் விடுதலையாகியிருந்த ஒரு மருத்துவர், கதை தம் வாழ்வையே எடுத்தாள்வதாக முறையிட, பாரிஸ் நீதிமன்றம் ஒளிபரப்பை நிறுத்த உத்தரவிட்டது. புதைந்த வழக்குகளை மட்டுமே தொட்ட துமாயேயும் தெக்ரோப்பும் அறுபது ஆண்டுகளுக்கு முன் கைக்கொண்ட எச்சரிக்கை எவ்வளவு தேவையானது என்பதை இந்நிகழ்வு காட்டிற்று.

2021 டிசம்பரில் நிறைவேறிய சட்டம் பொதுமக்கள் பார்ப்பதற்காகவே விசாரணைகளைப் படம்பிடிக்க முதன்முறையாக அனுமதி தந்தது. வழக்கு இறுதியாக முடிந்த பிறகே ஒளிபரப்ப முடியும். 2022 அக்டோபரில் மூன்றாம் அலைவரிசையில் அத்தகைய முதல் நிகழ்ச்சி வந்தது. ஆனால் கேமரா உள்ளே நுழைந்த அதே காலத்தில் ஜூரிகள் வெளியேறத் தொடங்கினர். 2012 முதலே முதல்நிலை விசாரணையில் அவர்களின் எண்ணிக்கை ஒன்பதிலிருந்து ஆறாகக் குறைந்திருந்தது. 2023 ஜனவரி முதல், இருபது ஆண்டு வரை தண்டனை பெறக்கூடிய குற்றங்கள் பெரும்பாலும் ஐந்து நீதிபதிகள் மட்டும் அமரும் புதிய மன்றங்களுக்கு மாற்றப்பட்டன. எஞ்சிய அசீஸ் வழக்குகளில் ஜூரிகள் எடுக்கும் உறுதிமொழி, கலந்தாய்வில் பேசியதைப் பணி முடிந்த பின்னும் வெளியிடலாகாது என்று அவர்களைக் கட்டுப்படுத்துகிறது. அந்த அறையில் நடப்பதைத் திரையில் காட்ட வேண்டுமானால், 1950இல் கயாத் செய்தது போல இன்றும் நடிகர்களைத்தான் அழைத்தாக வேண்டும்.